கேம் ஆப் இலவசம்தான்... செலவு யார் தலையில்?

2022 மார்ச் 16. தென்கொரியாவின் சூவோன் நகரம். சாம்சங் எலெக்ட்ரானிக்ஸ் நிறுவனத்தின் ஆண்டுப் பொதுக்கூட்டத்துக்குப் பங்குதாரர்கள் திரண்டிருக்கிறார்கள். கணக்கு வழக்கு, ஈவுத்தொகை என்று வழக்கம்போல ஓடவேண்டிய கூட்டம். அன்று பேச்சு வேறு பக்கம் திரும்புகிறது. துணைத் தலைவர் ஹான் ஜாங்-ஹீ, வாடிக்கையாளர்களின் மனக்குறையை முன்கூட்டியே கவனிக்கத் தவறிவிட்டோம் என்கிறார். அத்தனை பேர் முன்னிலையிலும் தலை தாழ்த்தி மன்னிப்புக் கேட்கிறார்.

போன் எதுவும் வெடிக்கவில்லை. யாருடைய பணமும் திருடு போகவில்லை. கேம் ஆடும்போது போனைக் கவனித்துக்கொள்ள நிறுவனமே உள்ளே வைத்து அனுப்பிய ஒரு மென்பொருள்தான் காரணம். 'கேம் ஆப்டிமைசிங் சர்வீஸ்', சுருக்கமாக ஜி.ஓ.எஸ். உலகத்திலேயே அதிகம் போன் விற்கும் நிறுவனங்களில் ஒன்று ஒரு கேம் மென்பொருளுக்காகத் தலை குனிந்தது அன்றைக்குத்தான்.

அந்த மென்பொருளின் உறவுக்காரர்கள் இன்று நம் வீட்டுப் போன்களில் குடியிருக்கிறார்கள். சாம்சங்கில் கேமிங் ஹப், கேம் பூஸ்டர். ஷாவ்மியில் கேம் டர்போ. ஓப்போவில் கேம் ஸ்பேஸ். விவோவில் அல்ட்ரா கேம் மோட். ஆப்பிளும் 2025-ல் 'கேம்ஸ்' என்ற செயலியை ஐபோனுக்குள் வைத்துவிட்டது. எதையும் நாம் டவுன்லோடு செய்ததில்லை. எதற்கும் தனியாகக் காசு கொடுத்ததில்லை. கேம் ஆடும் பிள்ளைகள் இருக்கும் வீட்டில் எல்லாம் இவை தினமும் வேலை செய்கின்றன. என்ன வேலை, அதற்கு நாம் என்ன விலை கொடுக்கிறோம் என்பது மட்டும் போன் வாங்கும் கவுன்டரில் யாரும் பேசாத விஷயமாக இருக்கிறது.

உள்ளே என்ன இருக்கிறது?

சாம்சங்கையே எடுத்துக்கொள்வோம். 2016-ல் கேலக்ஸி எஸ்7 போனோடு 'கேம் லாஞ்சர்' வந்தது. இப்போது அதன் பெயர் கேமிங் ஹப். போனில் ஏற்றும் கேம்களைத் தானாகவே ஓரிடத்தில் சேர்த்து வைக்கும். எந்த கேமை எவ்வளவு நேரம் ஆடினோம் என்று கணக்குச் சொல்லும்.

ஆட்டத்துக்கு நடுவே கைகொடுப்பது கேம் பூஸ்டர். ஆடிக்கொண்டிருக்கும்போதே அதன் பலகையைத் திறந்து நோட்டிஃபிகேஷன்களை நிறுத்தலாம், திரையை ரெக்கார்டு செய்யலாம், கை தவறிப்பட்டு கேமிலிருந்து வெளியே வந்துவிடாமல் நேவிகேஷன் பொத்தான்களைப் பூட்டலாம். வேகம் முக்கியமா, பேட்டரி முக்கியமா என்பதையும் இங்கேயே தேர்ந்தெடுக்கலாம்.

இவற்றில் உண்மையிலேயே அருமையான வசதி ஒன்று இருக்கிறது. 2023-ல் எஸ்23 போனோடு அறிமுகமான 'பாஸ் யூ.எஸ்.பி. பவர் டெலிவரி'. சார்ஜர் மாட்டிக்கொண்டே கேம் ஆடினால் போன் ஏன் கொதிக்கிறது? சிப் ஒரு பக்கம் சூடாகிறது, சார்ஜ் ஏறும் பேட்டரி இன்னொரு பக்கம் சூடாகிறது. இந்த வசதியைப் போட்டுவிட்டால் மின்சாரம் பேட்டரிக்குப் போகாமல் நேராக போனின் இயக்கத்துக்கே போய்விடும். பேட்டரி ஏறவும் ஏறாது, இறங்கவும் இறங்காது. இரண்டு சூட்டில் ஒன்று குறையும். மணிக்கணக்கில் சார்ஜரோடு ஆடும் பிள்ளைகளின் போனுக்கு இதைவிட நல்ல வைத்தியம் கிடையாது.

ஆனால், இதற்கு பவர் டெலிவரி வகைச் சார்ஜர் வேண்டும். பேட்டரியில் குறைந்தபட்சம் ஐந்தில் ஒரு பங்காவது சார்ஜ் இருக்கவேண்டும். எஸ் வரிசை போன் பெட்டியில் சார்ஜர் வைப்பதை 2021-லேயே சாம்சங் நிறுத்திவிட்டது. ஆக, 'இலவச' ஆப்பின் மிகச் சிறந்த வசதியைப் பயன்படுத்த, வீட்டில் தகுந்த சார்ஜர் இல்லாதவர்கள் தனியாகக் காசு கொடுத்து ஒன்று வாங்கியாகவேண்டும். அந்த வசதி தன் போனில் இருப்பதே தெரியாதவர்கள்தான் அதிகம். செட்டிங்ஸில் அத்தனை ஆழத்தில் ஒளிந்திருக்கிறது.

சூடு என்னும் எதிரி

நிறுவனங்களின் பக்கத்து நியாயத்தையும் சொல்லிவிடவேண்டும். லேப்டாப்பில் ஃபேன் இருக்கிறது. சாதாரண போனில் இல்லை. சிப்பில் பிறக்கும் சூடு, உடம்பு முழுக்கப் பரவி, கண்ணாடி வழியாகவும் சட்டம் வழியாகவும் காற்றில் கலந்தால்தான் உண்டு. சிப்பின் வேகத்தைக் கூட்டக் கூட்ட அதற்குக் கொடுக்கும் மின்னழுத்தத்தையும் கூட்டவேண்டும். மின்னழுத்தம் கூடினால் மின்செலவு அதன் இருமடிப் பெருக்கத்தில் ஏறும். கடைசிக் கொஞ்சம் வேகத்துக்காகக் கொடுக்கும் மின்சாரமும் அதனால் வரும் சூடும் மிக அதிகம். கொஞ்சம் வேகத்தைக் குறைத்தால் நிறையச் சூடு குறையும் என்று பொறியாளர்கள் கணக்குப் போடுவது இதனால்தான். அதில் தப்பே கிடையாது.

நம் ஊரில் இது இன்னும் பெரிய பிரச்னை. போன் நிறுவனங்கள் தங்கள் கருவிகளுக்குப் பரிந்துரைக்கும் சுற்றுப்புற வெப்பம் பொதுவாக 0 முதல் 35 டிகிரி செல்சியஸ் வரைதான். அக்னி நட்சத்திரத்தில் வேலூரிலும் திருத்தணியிலும் 40 டிகிரியைத் தாண்டுவது வழக்கமாகிவிட்டது. ஆஸ்பெஸ்டாஸ் கூரைக்குக் கீழே உட்கார்ந்து மே மாத லீவில் கேம் ஆடும் பையனின் போன், ஆட்டம் தொடங்குவதற்கு முன்பே நிறுவனத்தின் எல்லையைத் தாண்டிவிடுகிறது. அப்புறம் திரை மங்குகிறது, ஆட்டம் திக்குகிறது, சார்ஜ் ஏற மறுக்கிறது. "போன் ஹேங் ஆகுது" என்று கடைக்குக் கொண்டு போனால், பேட்டரி உப்பிப் பின்பக்க மூடி மெல்லத் தூக்கிக்கொண்டிருப்பதைக் காட்டுவார்கள். லித்தியம் அயான் பேட்டரி சூட்டில் சீக்கிரம் கிழடு தட்டும். உப்பிய பேட்டரியை வைத்துக்கொண்டு ஒரு நாள்கூட ஓட்டக்கூடாது. உடனே மாற்றிவிடவேண்டும்.

---
பெட்டிச் செய்தி: ஒரு நொடியில் எத்தனை படம்?

கேம் திரையில் தெரிவது அடுத்தடுத்து வரையப்படும் படங்கள். நொடிக்கு 60 படம் என்றால் ஒரு படத்தை வரைய போனுக்குக் கிடைப்பது சுமார் 16.7 மில்லி நொடி. 90 படம் என்றால் 11.1. அதுவே 120 என்றால் வெறும் 8.3 மில்லி நொடி. கெடு தவறினால் படம் ஒன்று விட்டுப்போகும். இதைத்தான் பிள்ளைகள் 'பிரேம் டிராப்' என்கிறார்கள். பெட்டியில் அச்சடிக்கும் 120 ஹெர்ட்ஸ் என்பது திரையின் திறன் மட்டுமே. கேம் அத்தனை படத்தை வரைந்து கொடுக்குமா என்பது சிப்பையும் சூட்டையும் கேம் நிறுவனத்தின் அனுமதியையும் பொறுத்தது. பல கேம்களில் 90, 120 எல்லாம் குறிப்பிட்ட சில மாடல்களுக்கு மட்டும்தான் திறக்கும்.
---

பெயரைப் பார்த்து வேகம்!

சூட்டைக் குறைக்க வேகத்தைக் குறைத்தார்கள் என்பது மட்டுமே என்றால் கொரியாவில் அத்தனை கொந்தளிப்பு வந்திருக்காது. பிரச்னை, அதைச் செய்த விதத்தில் இருந்தது.

2022 பிப்ரவரியில் கேலக்ஸி எஸ்22 வரிசை சந்தைக்கு வந்தது. இந்தியாவில் எஸ்22 விலை ரூ.72,999-ல் ஆரம்பித்தது. எஸ்22 அல்ட்ரா ரூ.1,09,999. கிராஃபிக்ஸ் கனமான கேம்களில் போன் தடுமாறுவதைக் கொரிய இளைஞர்கள் கவனித்தார்கள். தோண்டியபோது ஜி.ஓ.எஸ். வைத்திருந்த ஒரு பட்டியல் அகப்பட்டது. சுமார் 10,000 செயலிகளின் பெயர்கள். கேம்கள் மட்டுமல்ல, இன்ஸ்டாகிராம், நெட்ஃப்ளிக்ஸ், டிக்டாக் எல்லாம் அதில் இருந்தன. கீக்பெஞ்ச், 3டிமார்க் போன்ற வேகம் அளக்கும் செயலிகள் மட்டும் இல்லை.

ஒரு கொரிய யூடியூபர் எளிமையான ஒரு சோதனை செய்தார். 3டிமார்க் செயலியின் உட்பெயரை 'கென்ஷின் இம்பாக்ட்' என்ற கேமின் பெயராக மாற்றி ஓட்டினார். அதே போன், அதே சோதனை. பெயர் மட்டும் வேறு. மதிப்பெண் கடுமையாகச் சரிந்தது. பரீட்சைக்கு ஒரு வேகம், வாழ்க்கைக்கு ஒரு வேகம் என்று ஆகிவிட்டது.

சாம்சங் ஒரு விளக்கம் கொடுத்தது. கேம் அல்லாத செயலிகளின் வேகத்தை ஜி.ஓ.எஸ். கட்டுப்படுத்துவதில்லை, கேம்களில் அதிகச் சூடு வராமல் காப்பதே நோக்கம் என்றது. கீக்பெஞ்ச் அதை ஏற்கவில்லை. செயலி என்ன வேலை செய்கிறது என்று பார்க்காமல், அதன் பெயரை வைத்து வேகத்தை முடிவு செய்வது மதிப்பெண்ணைத் திரிப்பதுதான் என்பது அதன் நிலைப்பாடு. எஸ்10, எஸ்20, எஸ்21, எஸ்22 என்று நான்கு தலைமுறை போன்களைத் தன் தரவரிசையிலிருந்து தூக்கியது. இதே குற்றச்சாட்டில் 2021-ல் ஒன்பிளஸ் 9 நீக்கப்பட்டிருந்தது. அதற்கும் முன்பு 2018-ல் சில ஹுவாவே மாடல்களை 3டிமார்க் நீக்கியது. ஆக, இது ஒரு கம்பெனியின் வழுக்கல் மட்டும் அல்ல.

எஸ்22 வாங்கியவர்களுக்குக் கோபம் மூட்டிய இன்னொரு விஷயம் உண்டு. பழைய மாடல்களில் ஜி.ஓ.எஸ்-ஸைச் சுற்றிக்கொண்டு போக வழி இருந்தது. புதிய மென்பொருளில் அந்தக் கதவையும் அடைத்திருந்தார்கள். என் பார்வையில் விவகாரத்தின் உயிர்நாடி இங்கேதான் இருக்கிறது. சூடு வரும் என்று எச்சரியுங்கள், பேட்டரி குறையும் என்று சொல்லுங்கள், எல்லாம் சரி. முடிவு எடுக்கவேண்டியவர் முழு விலையும் கொடுத்து வாங்கியவர். அவருக்குத் தெரியாமல், தெரிந்தாலும் மாற்ற முடியாமல் வேகத்தைப் பிடித்து வைப்பது விற்ற பொருளில் ஒரு பகுதியைத் திரும்ப எடுத்துக்கொள்வதுதான்.

எதிர்ப்பு பலன் கொடுத்தது. அதே மார்ச்சில் அவசர அப்டேட் வந்தது. கேம் பூஸ்டரின் 'லேப்ஸ்' பகுதியில் வேகக் கட்டுப்பாட்டைத் தளர்த்தும் ஒரு தேர்வு முளைத்தது. கொரியாவின் நியாய வர்த்தக ஆணையம் விளம்பரங்களை விசாரிக்க இறங்கியது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட வாடிக்கையாளர்கள் சியோல் நீதிமன்றத்தில் கூட்டாக வழக்குப் போட்டார்கள். ஆளுக்குக் கேட்டது 3 லட்சம் வோன், நம் பணத்தில் இருபதாயிரம் ரூபாய்க்குக் கொஞ்சம் குறைவு. 2025 ஜூனில் வந்த முதல் தீர்ப்பில் நீதிமன்றம் நஷ்டஈடு தர மறுத்துவிட்டது. மூன்று வருடத்துக்கும் மேல் காத்திருந்தவர்களுக்கு அன்று கிடைத்தது அவ்வளவுதான்.

கண்ணுக்குத் தெரியும் செலவு, தெரியாத செலவு

வேகம் ஒரு பக்கம். இந்த ஆப்கள் வேறு வழியிலும் வசூல் செய்கின்றன.

கேம் லாஞ்சர் முதலில் கேம்களை அடுக்கி வைக்கும் ஓர் அலமாரியாக வந்தது. பிறகு அதில் பரிந்துரைகள் வந்தன, இன்ஸ்டால் செய்யாமலே ஆடும் 'இன்ஸ்டன்ட்' கேம்கள் வந்தன, அவற்றோடு விளம்பரங்களும் வந்தன. முதல்முறை திறக்கும்போது மார்க்கெட்டிங் தகவல் அனுப்பச் சம்மதமா என்று கேட்கும். அவசரத்தில் எல்லோரும் 'சரி' தட்டிவிடுகிறோம். எந்த கேமை எத்தனை மணிக்கு, எவ்வளவு நேரம் ஆடுகிறோம் என்பது விளம்பரம் விற்பவர்களுக்குத் தங்கம் போன்ற தகவல். போனுக்கு முழு விலை வாங்கிவிட்டு அதன் சொந்தச் செயலிக்குள்ளேயே விளம்பரம் காட்டுவதை நாம் கேள்வியே கேட்காமல் ஏற்றுக்கொண்டுவிட்டோம். ஏற்றுக்கொண்டிருக்கக் கூடாது.

அடுத்தது கேமுக்குள் நடக்கும் வியாபாரம். பெற்றோரை அதிகம் சுடுவது இதுதான். கேம் இலவசம். துப்பாக்கிக்கு ஒரு வண்ணம், உடைக்கு ஒரு மினுமினுப்பு, சீசனுக்கு ஒரு பாஸ் என்று சிறுகச் சிறுகப் பணம் போகும். பி.ஜி.எம்.ஐ. என்ற துப்பாக்கிச் சண்டை கேம் 2021-ல் வந்தபோது 18 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு ஒரு நாளைக்கு 3 மணி நேரம், செலவுக்கு 7,000 ரூபாய் என்று வரம்பு வைத்தார்கள். ஒரு நாளைக்கு ஏழாயிரம்! எத்தனையோ வீடுகளில் அது பாதி மாதச் சம்பளம். வரம்பு என்று அதைச் சொல்வதை எந்தப் பெற்றோரும் ஒப்புக்கொள்ள மாட்டார்கள்.

2025 ஆகஸ்ட்டில் நாடாளுமன்றம் ஆன்லைன் பண விளையாட்டுத் தடைச் சட்டத்தை நிறைவேற்றியதும் "இனிமேல் கேம் தொல்லை இல்லை" என்று நிம்மதி அடைந்த பெற்றோர் பலர். அந்தச் சட்டம் பணம் கட்டிப் பணம் ஜெயிக்கும் ஆட்டங்களைத் தடுக்கிறது. பணம் கட்டிப் பொம்மைத் துப்பாக்கிக்கு நிறம் வாங்குவதை அது தொடவில்லை. அந்தப் பொறுப்பு இன்னும் வீட்டில்தான் இருக்கிறது.

---
பெட்டிச் செய்தி: வீட்டில் இன்றே செய்யக்கூடியவை

ப்ளே ஸ்டோர் செட்டிங்ஸில் ஒவ்வொரு முறை வாங்கும்போதும் பாஸ்வேர்டு அல்லது விரல்ரேகை கேட்கும்படி வையுங்கள். பிள்ளையின் போன் என்றால் கூகுள் ஃபேமிலி லிங்க் வழியாக, வாங்க உங்கள் ஒப்புதல் வேண்டும் என்று வைக்கலாம். தெரியாமல் வாங்கிவிட்டால் 48 மணி நேரத்துக்குள் ப்ளே ஸ்டோரில் பணம் திரும்பக் கேட்கலாம், தள்ளிப்போடாதீர்கள். யூ.பி.ஐ. ஆட்டோபே பட்டியலை மாதம் ஒருமுறை திறந்து பாருங்கள். விளம்பரமும் உள்வியாபாரமும் இல்லாத கேம் வேண்டும் என்றால் ஆப்பிள் ஆர்கேட், கூகுள் ப்ளே பாஸ் என்ற சந்தாக்கள் உண்டு. இரண்டும் இந்தியாவில் மாதம் 99 ரூபாய்க்கு அறிமுகமானவை. கேம் ஆப்பில் மார்க்கெட்டிங் சம்மதத்தை எப்போது வேண்டுமானாலும் செட்டிங்ஸில் திரும்பப் பெறலாம்.
---

வாசல் யார் வசம்?

போன் நிறுவனங்கள் ஏன் கேம் ஆப்பில் இத்தனை அக்கறை காட்டுகின்றன? ஃபோர்ட்நைட் என்ற கேமின் கதை இதற்குப் பதில் சொல்லும்.

2018 ஆகஸ்ட்டில் ஃபோர்ட்நைட் ஆண்ட்ராய்டுக்கு வந்தபோது கூகுளின் கடைக்கு வரவில்லை. கூகுள் கேட்ட 30 சதவிகிதக் கமிஷனைக் கொடுக்க, அதைத் தயாரித்த எபிக் கேம்ஸுக்கு மனமில்லை. சாம்சங்கின் நோட் 9 போன் அறிமுகமான நாளிலிருந்து சில தினங்களுக்கு சாம்சங் போன்களில் மட்டும், கேம் லாஞ்சர் வழியாக அந்த கேம் கிடைத்தது. அலமாரியாக இருந்தது கடைவாசலாக மாறிய நாள் அது. அந்த மாதமே அந்த இன்ஸ்டாலரில் ஒரு ஓட்டை இருப்பதைக் கூகுள் பொறியாளர்கள் கண்டுபிடித்தார்கள். போனில் ஏற்கெனவே இருக்கும் ஒரு கெட்ட செயலி, ஃபோர்ட்நைட்டுக்குப் பதிலாக வேறு எதையாவது உள்ளே இறக்கிவிட முடியும். எபிக் விரைந்து அடைத்தது.

ஆறு வருடம் கழித்து, நண்பர்களாக இருந்த சாம்சங்கும் எபிக்குமே நீதிமன்றத்தில் எதிரெதிரே நின்றார்கள். வெளிக்கடையிலிருந்து செயலி இறக்குவதைத் தடுக்கும் 'ஆட்டோ பிளாக்கர்' என்ற வசதியை சாம்சங் 2024-ல் புதுப் போன்களில் தானாகவே இயங்கும்படி வைத்தது. பாதுகாப்புக்காக என்றது சாம்சங். போட்டிக் கடைகளை நசுக்கத்தான் என்றது எபிக். 2024 செப்டம்பரில் சாம்சங், கூகுள் இரண்டின் மேலும் வழக்கு பாய்ந்தது. 2025 ஜூலையில் சாம்சங்கோடு சமாதானம் ஆகிவிட்டது. இருவர் சொன்னதிலும் உண்மை இருக்கிறது. மோசடி ஏ.பி.கே. ஃபைல்களால் வங்கிக் கணக்கைப் பறிகொடுத்தவர்கள் நம் ஊரிலேயே ஏராளம், அவர்களுக்கு அந்தப் பூட்டு தேவை. அதே பூட்டு, வாசலில் உட்கார்ந்து கமிஷன் வாங்குபவருக்கும் வசதியாக அமைந்துவிடுகிறது.

பெட்டியில் ஒரு வரி

ஐரோப்பிய ஒன்றியத்தில் 2025 ஜூன் 20 முதல் விற்கும் ஒவ்வொரு புது மாடலோடும் ஒரு முத்திரை வருகிறது. ஒரு சார்ஜில் எத்தனை மணி நேரம் ஓடும், பேட்டரி எத்தனை முறை சார்ஜ் தாங்கும், கீழே விழுந்தால் என்ன ஆகும், பழுது பார்ப்பது எவ்வளவு சுலபம் என்று அதில் இருக்கும். ஃபிரிட்ஜில் ஒட்டியிருக்கும் ஸ்டார் முத்திரையின் இனம்தான். கேம் வேகத்தைப் பற்றி அதில்கூட ஒன்றும் இல்லை.

இருக்கவேண்டும். அளக்க வழி இல்லை என்று யாரும் சொல்ல முடியாது. 3டிமார்க்கில் 20 நிமிடம் தொடர்ந்து ஓடும் சோதனை ஏற்கெனவே இருக்கிறது. உச்ச வேகத்தில் எத்தனை சதவிகிதம் கடைசி வரை நிற்கிறது என்று அது சொல்லிவிடும். 'அதிவேகம்' என்று விளம்பரம் செய்யும் நிறுவனம், 35 டிகிரி வெப்பத்தில், விற்கும் அதே செட்டிங்ஸில், 20 நிமிட ஆட்டத்துக்குப் பிறகு வேகம் எவ்வளவு என்று பெட்டியில் ஒரு வரி அச்சடிக்கட்டும். ஜி.ஓ.எஸ். போன்ற கட்டுப்பாடு இருந்தால், அதை நிறுத்தும் பொத்தான் கேம் ஆப்பின் முதல் பக்கத்திலேயே இருக்கட்டும். மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் 2020 முதல் இயங்குகிறது. தவறான விளம்பரத்துக்கு முதல்முறை 10 லட்சம், மீண்டும் செய்தால் 50 லட்சம் வரை அபராதம் போட 2019-ன் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் அதற்கு அதிகாரம் கொடுத்திருக்கிறது. போன் வேகம் பற்றிய விளம்பரங்களை அது கையில் எடுக்கவேண்டும்.

அதுவரை, புதுப் போன் வாங்கினால் பில்லைப் பத்திரமாக வையுங்கள். வாங்கிய வாரத்திலேயே வழக்கமாக ஆடும் கேமை அரை மணி நேரம் தொடர்ந்து ஓட்டிப் பாருங்கள். கேம் பூஸ்டரில் வெப்பநிலையும் பேட்டரி அளவும் தெரிந்தால் திரையை ரெக்கார்டு செய்துகொள்ளுங்கள். விளம்பரத்தில் சொன்னது கையில் கிடைக்கவில்லை என்றால் தேசிய நுகர்வோர் உதவி எண் 1915-ல் தமிழிலேயே புகார் சொல்லலாம். பில், ரெக்கார்டிங், விளம்பரத்தின் ஸ்கிரீன்ஷாட் மூன்றையும் சேர்த்துக் கொடுங்கள். கொரிய இளைஞர்கள் ஜெயித்தது பாதிதான். ஆனாலும் மாற்ற முடியாத ஒரு செட்டிங்கை மாற்றக்கூடியதாக ஆக்கியது, அவர்கள் கையில் ஆதாரத்தோடு கொடுத்த புகார்கள்தான்.